கணக்கில் வராதவர்கள்: ஒரு நாட்டின் நலனை எப்படி அளப்பது?

சொந்த வீட்டில் குடியிருப்பவர் யாருக்கும் வாடகை தருவதில்லை. ஆனால் நாட்டின் மொத்த உள்நாட்டு உற்பத்தியைக் கணக்கிடும் புள்ளியியலாளர்கள், அந்த வீட்டை வெளியாருக்கு விட்டிருந்தால் எவ்வளவு வாடகை வந்திருக்கும் என்று மதிப்பிட்டு, அதை வீட்டுக்காரர் தமக்குத் தாமே கொடுத்துக்கொண்டதாகக் கணக்கில் சேர்த்துவிடுகிறார்கள். பணம் கைமாறவில்லை, ஆனாலும் அது உற்பத்தி. அதே வீட்டில் விடியற்காலையில் அடுப்பு மூட்டுவதில் தொடங்கி இரவு பாத்திரம் கழுவிக் கவிழ்ப்பது வரை நடக்கும் வேலைக்கும் பணம் கைமாறுவதில்லை. அது கணக்கில் சேராது. வீட்டுத் தேவைக்குக் கிணற்றிலிருந்து தண்ணீர் சுமந்து வருவது, விதிப்படி உற்பத்தி. அந்தத் தண்ணீரில் குழந்தையைக் குளிப்பாட்டுவது உற்பத்தி அல்ல.

இந்தக் கோட்டைக் கிழித்தது ஐக்கிய நாடுகள் சபையின் 'தேசியக் கணக்கு முறை' என்ற விதித்தொகுப்பு. 1953-ல் முதன்முதலாக வெளியிடப்பட்டு, அவ்வப்போது திருத்தப்பட்டு, இன்றைக்கு ஏறக்குறைய எல்லா நாடுகளும் பின்பற்றுவது அது. சமையலையும் பிள்ளை வளர்ப்பையும் விட்டதற்கு அதில் காரணம் சொல்லப்பட்டிருக்கிறது: விற்கப்படாத சேவைக்கு விலை போடுவது கடினம், அதையும் உற்பத்தி என்று வைத்துக்கொண்டால் வேலையில்லாதவர் என்று யாரையுமே சொல்ல முடியாமல் போகும். காரணங்கள் நியாயமானவைதான். ஆனால் கோடு கிழிக்கப்பட்ட பிறகு அதற்கு வெளியே இருப்பவர்கள் அரசின் கண்ணில் படாமல் போய்விடுகிறார்கள். ஒரு நாட்டின் நலனைப் பொருளாதார உற்பத்தியைத் தாண்டி அளக்க வேண்டும் என்று இத்தனை காலமாகப் பலர் மல்லுக்கட்டுவதன் அடிப்படை இதுதான்.

உற்பத்திக் கணக்கு எதை அளக்கிறது?

ஜிடிபி என்று செய்திகளில் அடிபடும் மொத்த உள்நாட்டு உற்பத்தி, ஓர் ஆண்டில் ஒரு நாட்டுக்குள் புதிதாக உருவான பொருள்கள், சேவைகளின் மதிப்பு. விவசாயி 30 ரூபாய்க்கு அரிசி விற்கிறார். மாவு அரைப்பவர் அதை மாவாக்கி 50 ரூபாய்க்கு விற்கிறார். இட்லிக் கடைக்காரர் அதிலிருந்து 100 ரூபாய்க்கு இட்லி விற்கிறார். மூன்றையும் கூட்டி 180 என்று சொல்வதில்லை. ஒவ்வொருவரும் கூடுதலாகச் சேர்த்த மதிப்பை மட்டும் எடுத்துக்கொள்கிறார்கள்: 30, 20, 50. மொத்தம் 100. இப்படி ஒரு நாட்டின் எல்லாத் தொழில்களையும் கூட்டினால் வருவதே அந்த எண்.

அந்த எண்ணைத் தூக்கி எறிந்துவிட வேண்டும் என்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. 2020 ஏப்ரல் முதல் ஜூன் வரையிலான காலாண்டில் இந்தியாவின் உற்பத்தி, முந்தைய ஆண்டின் அதே காலத்தைவிட ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு சுருங்கியதாக முதல் மதிப்பீடு சொன்னது. ஊரடங்கில் எத்தனை பேர் பிழைப்பு போயிருக்கும் என்பதை அந்த ஒற்றை எண்ணே உரக்கச் சொல்லியது. வரி வருவாய், வேலைவாய்ப்பு, கடனைத் திருப்பிச் செலுத்தும் திறன் எல்லாம் அதோடு பிணைந்தவை. உற்பத்தியை அளக்க அது நல்ல கருவி. கோளாறு, அதை வைத்தே நலனையும் அளந்துவிட்டோம் என்று நினைப்பதில்தான் இருக்கிறது.

இந்த எச்சரிக்கையை முதலில் விடுத்தவர், தேசிய வருமானக் கணக்கை உருவாக்கிய சைமன் குஸ்நெட்ஸ். பெருமந்தம் அமெரிக்காவை உலுக்கிக்கொண்டிருந்த நேரம். நாட்டின் வருமானம் எவ்வளவு சரிந்திருக்கிறது என்று அரசிடமே உறுதியான கணக்கு இல்லை. அமெரிக்க செனட் சபை கேட்டுக்கொண்டதன் பேரில் குஸ்நெட்ஸ் குழு கணக்கெடுத்து, 1934 ஜனவரியில் அறிக்கை தந்தது. 1929-க்கும் 1932-க்கும் இடையில் தேசிய வருமானம் ஏறத்தாழப் பாதியாகிவிட்டது என்று தெரியவந்தது. அதே அறிக்கையில்தான், தேசிய வருமானத்தின் அளவிலிருந்து ஒரு நாட்டின் நலனை ஊகித்துவிட முடியாது என்றும் அவர் எழுதிவைத்தார். ஆயுதங்களுக்கும் விளம்பரங்களுக்கும் ஆகும் செலவைக் கழித்துவிட்டே வருமானத்தைக் கணக்கிட வேண்டும் என்று பின்னாளில் வாதாடினார். அதற்குள் இரண்டாம் உலகப் போர் வந்துவிட்டது. எவ்வளவு பீரங்கி, எவ்வளவு விமானம் செய்ய முடியும் என்பதே அரசுகளின் கேள்வியாக இருந்தது. குஸ்நெட்ஸின் கணக்கு நிலைத்தது. எச்சரிக்கை ஏட்டிலேயே தங்கிவிட்டது.

நாளின் 24 மணி நேரம்

சமையலறை வேலைக்கு ரூபாயில் விலை போடுவது கடினம் என்றால் நேரத்தில் அளக்கலாம். அதற்கு நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பு என்று பெயர். முந்தைய நாள் காலை நான்கு மணிக்கு என்ன செய்துகொண்டிருந்தீர்கள், அடுத்த அரை மணி நேரம் என்ன செய்தீர்கள் என்று 24 மணி நேரத்தையும் துருவிக் கேட்பார்கள். இந்தியாவில் இதன் முதல் சோதனை முயற்சி 1998-99-ல் ஆறு மாநிலங்களில் நடந்தது. அவற்றில் ஒன்று தமிழ்நாடு. நாடு முழுவதற்குமான கணக்கெடுப்பு வர 2019 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

அதில் கிடைத்த விவரம் இது. ஆறு வயதுக்கு மேற்பட்ட பெண்களில் நூற்றுக்கு 81 பேர், ஊதியமில்லாத வீட்டு வேலையில் ஈடுபட்டார்கள். ஆண்களில் 26 பேர். ஈடுபட்ட பெண் ஒருவர் ஒரு நாளில் அதற்குச் செலவிட்டது சராசரியாக 299 நிமிடம். ஆண் 97 நிமிடம். கிட்டத்தட்ட ஐந்து மணி நேரம், ஞாயிறு, பண்டிகை எதுவும் விதிவிலக்கில்லை. தமிழ்நாட்டில் 2023-ல் மாதம் 1,000 ரூபாய் மகளிர் உரிமைத் தொகை தொடங்கப்பட்டபோது, வீட்டில் பெண்கள் செய்யும் ஊதியமில்லா உழைப்புக்கான அங்கீகாரம் என்று அரசு சொன்னது. தொகை போதுமா என்பது வேறு விவாதம். அந்த உழைப்பை உழைப்பு என்று அரசு வாயால் சொல்வதற்கு முன்பு யாரோ அதை அளந்து காட்டியிருக்க வேண்டும்.

சராசரி மறைப்பது

உற்பத்திக்கு மாற்றாக வந்தவற்றில் பாடப்புத்தகம் வரை போய்ச் சேர்ந்தது மனித மேம்பாட்டுக் குறியீடு. 1990-ல் ஐநா வளர்ச்சித் திட்டத்துக்காக இதைக் கொண்டுவந்தவர் பாகிஸ்தான் பொருளியலாளர் மஹபூப் உல் ஹக். அவருடைய கேம்பிரிட்ஜ் காலத்து நண்பர் அமர்த்திய சென் முதலில் தயங்கினார். மனித வாழ்க்கையின் சிக்கலை ஒற்றை எண்ணுக்குள் அடைப்பது முரட்டுத்தனம் என்பது அவர் எண்ணம். ஜிடிபியும் முரட்டு எண்தானே, அதை வெல்ல அதே அளவு முரட்டுத்தனமான, ஆனால் மனிதர்களைப் பார்க்கத் தெரிந்த இன்னொரு எண் வேண்டும் என்று ஹக் வாதாடி அவரை இசைய வைத்தார். ஆயுட்காலம், கல்வி, வருமானம் ஆகிய மூன்றையும் சேர்த்துப் பூஜ்யத்துக்கும் ஒன்றுக்கும் இடையில் ஓர் எண்ணாக்குகிறது இந்தக் குறியீடு.

வருமானம் குறைவாக இருந்தும் நீண்ட ஆயுளையும் கல்வியையும் மக்களுக்குக் கொடுத்த நாடு என்று சென் அடிக்கடி எடுத்துக்காட்டியது இலங்கையை. இன்றும் அந்நாடு உயர்ந்த மனித மேம்பாட்டுப் பிரிவில் இருக்கிறது. ஆனால் இலங்கைப் புள்ளிவிவரங்களைப் புரட்டுபவர்கள் ஒன்றைக் கவனித்திருப்பார்கள். அவை நகரம், கிராமம், தோட்டம் என்று மூன்றாகப் பிரித்துத் தரப்படுகின்றன. தோட்டம் என்றால் பெரும்பாலும் மலையகத் தமிழர்கள் வாழும், லயங்கள் எனப்படும் வரிசை வீடுகள். 2019-ன் வீட்டு வருமானச் செலவுக் கணக்கெடுப்பில், நாடு முழுவதும் எடுத்துக்கொண்டால் ஏழில் ஒருவர் வறுமையில் இருந்தார். தோட்டத்தில் இரண்டில் ஒருவர். நாட்டின் சராசரி எண் எவ்வளவு பெருமைக்குரியதாக இருந்தாலும், தேயிலை பறிப்பவரின் வீட்டு நிலைமையை அது சொல்லாது. ஏற்றத்தாழ்வைக் கழித்துக்கொண்டு சொல்லும் இன்னொரு மனித மேம்பாட்டுக் குறியீட்டை 2010 முதல் ஐநா வெளியிட்டு வருகிறது. நியாயமாக அதுதான் தலைப்புச் செய்தியாக வேண்டும், ஆவதில்லை.

மக்களையே கேட்டுவிட்டால்?

'நலமா?' என்று நேராகக் கேட்டுவிடுவது இன்னொரு வழி. ஆண்டுதோறும் மார்ச் மாதம் வெளியாகும் உலக மகிழ்ச்சி அறிக்கை இதைத்தான் செய்கிறது. பூஜ்யம் முதல் பத்து வரை படிகள் உள்ள ஓர் ஏணியைக் கற்பனை செய்துகொள்ளச் சொல்கிறார்கள். உச்சிப் படி, உங்களுக்கு வாய்க்கக்கூடிய மிகச் சிறந்த வாழ்க்கை. அடி, மிக மோசமான வாழ்க்கை. இப்போது எந்தப் படியில் நிற்கிறீர்கள்? இந்த ஒரு கேள்விக்கு மூன்று ஆண்டுகளில் கிடைத்த பதில்களின் சராசரியே தரவரிசை. வருமானம், ஆயுள், ஊழல், சுதந்திரம் எல்லாவற்றையும் கூட்டித்தான் பட்டியல் போடுகிறார்கள் என்று பத்திரிகைகளே எழுதிவிடுகின்றன. அது தவறு. அந்தக் காரணிகள், பதில்கள் ஏன் நாட்டுக்கு நாடு வேறுபடுகின்றன என்பதை விளக்க மட்டுமே பயன்படுகின்றன. 2018 முதல் பின்லாந்து முதலிடத்தில் இருப்பது அந்த ஏணியின் பலத்தில்தான்.

பிரிட்டனும் 2011 முதல் வாழ்க்கைத் திருப்தி, செய்யும் காரியங்களில் அர்த்தம், நேற்றைய மகிழ்ச்சி, நேற்றைய பதற்றம் என்று நான்கு கேள்விகளைக் கேட்டு வருகிறது. பதற்றத்தைத் தனியாகக் கேட்டது நல்ல யோசனை. திருப்தியாக இருப்பவரும் பதற்றத்தோடு இருக்கலாம்.

நேராகக் கேட்பதில் ஓர் ஆபத்து உண்டு. அதற்கு அமர்த்திய சென் சுட்டிக்காட்டிய ஒரு பழைய ஆய்வைவிட வலிமையான சாட்சி கிடையாது. வங்கப் பஞ்சத்துக்கு அடுத்த ஆண்டு, 1944-ல், கல்கத்தாவுக்கு அருகிலுள்ள சிங்கூரில் ஒரு சுகாதாரக் கணக்கெடுப்பு நடந்தது. மனைவியை இழந்த ஆண்களில் ஏறத்தாழப் பாதிப்பேர், உடம்பு சரியில்லை அல்லது சுமாராகத்தான் இருக்கிறது என்றார்கள். கணவனை இழந்த பெண்களில் அப்படிச் சொன்னவர்கள் நூற்றுக்கு மூன்று பேர்கூட இல்லை. அன்றைய வங்காளத்தில் விதவைகள் எப்படி வாழ்ந்தார்கள் என்று தெரிந்தவர் எவரும், அவர்கள் ஆண்களைவிட ஆரோக்கியமாக இருந்தார்கள் என்று நம்ப மாட்டார். தன் உடம்புக்கு ஒன்று என்றால் அதைச் சொல்லலாம், கேட்க ஆள் உண்டு என்ற எண்ணமே அவர்களுக்கு இல்லாமல் போயிருந்தது. எதிர்பார்ப்பை இழந்தவர்களிடம் போய்த் திருப்தியா என்று கேட்டால், ஆமாம் என்றே சொல்வார்கள். ஆகவே, சொல்வதையும் கேட்க வேண்டும். நேரில் இருப்பதையும் பார்க்க வேண்டும். இரண்டையும் ஒரே அளவுகோலுக்குள் கொண்டுவர முயன்றதில் மிகவும் யோசித்துச் செய்யப்பட்டது பூட்டானுடையது.

பூட்டானின் 33 காட்டிகள்

1972-ல் பதினாறு வயதில் அரியணை ஏறிய மன்னர் ஜிக்மே சிங்யே வாங்சுக், நாட்டின் உற்பத்தியைவிட நாட்டு மக்களின் மகிழ்ச்சியே முக்கியம் என்று அந்தப் பத்தாண்டுகளில் சொன்னார். வெளியுலகுக்கு அது மலைநாட்டு மன்னர் ஒருவரின் இனிய வாசகமாகத் தெரிந்தது. 2008-ல் பூட்டான் அரசமைப்புச் சட்டம் எழுதிக்கொண்டபோது, மொத்த தேசிய மகிழ்ச்சியை மக்கள் நாடுவதற்கான சூழலை உருவாக்குவது அரசின் கடமை என்று அதன் 9-வது பிரிவில் எழுதப்பட்டது. கடமை என்று எழுதியாகிவிட்டால் அளந்தாக வேண்டும். பூட்டான் ஆய்வு மையமும், ஆக்ஸ்போர்டைச் சேர்ந்த சபினா அல்கையர் போன்ற வறுமை ஆய்வாளர்களும் சேர்ந்து அதற்கு ஒரு குறியீட்டை வடிவமைத்தார்கள். 2010, 2015, 2022 ஆகிய ஆண்டுகளில் நாடு தழுவிய கணக்கெடுப்புகளில் அது பயன்படுத்தப்பட்டது. கடைசியாக நடந்ததில் 11,052 பேரிடம் வீடு வீடாகப் போய்க் கேட்டார்கள்.

ஒன்பது துறைகள்: மனநலன், உடல்நலம், கல்வி, நேரம், பண்பாடு, நல்லாட்சி, சமூக உறவு, சூழலியல், வாழ்க்கைத் தரம். எல்லாவற்றுக்கும் சம எடை. அவற்றுக்குள் மொத்தம் 33 காட்டிகள், அதாவது அளந்து பார்க்கும் அம்சங்கள். ஒவ்வொன்றுக்கும் 'இது இருந்தால் போதும்' என்று ஒரு வரம்பு உண்டு. தூக்கத்துக்கு எட்டு மணி நேரம். வேலை எட்டு மணி நேரத்தைத் தாண்டக் கூடாது. சம்பளமில்லாத வீட்டு வேலையும் பிள்ளை பராமரிப்பும் இந்த எட்டு மணிக்குள் அடக்கம். பள்ளிப்படிப்பு ஆறு ஆண்டு. வீட்டில் ஓர் அறைக்கு இரண்டு பேருக்கு மேல் இருக்கக் கூடாது. வரம்பைத் தொட்டுவிட்டால் முழு மதிப்பெண். அதற்கு மேல் எவ்வளவு இருந்தாலும் கூடுதலாக எதுவும் கிடையாது. பத்து அறை வீடு வைத்திருப்பவரின் மிச்ச அறைகள், அவர் தூக்கமின்மையை ஈடுகட்டாது. பணக்காரர் ஒருவரின் மிகுதி, ஏழை ஒருவரின் குறையை மறைக்காது. சராசரியின் நோய்க்கு இது நேரடி மருந்து.

ஓர் ஆளை வைத்துக் கணக்குப் போட்டுப் பார்ப்போம். கிழக்கு பூட்டானில் ஒரு விவசாயப் பெண் என்று வைத்துக்கொள்ளுங்கள். நூறு புள்ளிகளில், ஒவ்வொரு துறைக்கும் ஏறத்தாழ 11.1. அவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது, பள்ளிக்கூடம் போனதில்லை: 6.7 புள்ளி போகிறது. வயலும் வீடுமாகப் பத்து மணி நேரம் உழைக்கிறார்: 5.6. வருமானம் வரம்புக்குக் கீழே, வீடும் நெருக்கடி: 7.4. இரவில் காட்டுப்பன்றி புகுந்து சோளக்கொல்லையை அழித்துவிட்டது: 4.4.

இந்தக் காட்டுப்பன்றிக் கேள்வியில் கொஞ்சம் நிற்க வேண்டும். பூட்டானின் நிலப்பரப்பில் 60 விழுக்காடு எந்நாளும் காடாகவே இருக்க வேண்டும் என்று அதே அரசமைப்புச் சட்டம் சொல்கிறது. உலகமே மெச்சும் விதி அது. ஆனால் அந்தக் காட்டின் ஓரத்தில் பயிர் செய்பவர்தான் இரவெல்லாம் காவல் கிடந்து அதற்கு விலை கொடுக்கிறார். சூழலியல் துறைக்குள் விலங்குகளால் வந்த சேதத்துக்கு 40 விழுக்காடு எடை. 'சுற்றுச்சூழலைக் காப்பது என் பொறுப்பு' என்று ஒருவர் உணர்வதற்கு 10 விழுக்காடு. நல்லெண்ணத்தைவிட இழந்த சோளத்துக்கு நான்கு மடங்கு மதிப்பு. இந்தக் குறியீட்டைச் செய்தவர்கள் கிராமத்தில் உட்கார்ந்து பேசியிருக்கிறார்கள் என்பதை எனக்கு உணர்த்தியது இதுதான்.

கணக்குக்குத் திரும்புவோம். இதுவரை 24 புள்ளி இழந்திருக்கிறார், கையில் 76. மகிழ்ச்சியானவர் என்று சேர்க்க 66 போதும். அதாவது எழுத்தறிவில்லாத, வறுமையிலுள்ள, பயிரை இழந்த, ஓய்வில்லாத இந்தப் பெண், மற்றவை எல்லாம் நன்றாக இருந்தால், கணக்குப்படி மகிழ்ச்சியானவர். அவர் ஊர்க் கூட்டத்துக்குப் போவதில்லை, வாக்களிக்கவும் போவதில்லை (4.4), பூட்டானின் பதின்மூன்று மரபுக் கலைகளில் எதுவும் தெரியாது (3.3), உடல்நலத் துறைக்குள் வரும் மனநலக் கேள்விகளிலும் வரம்பைத் தொடவில்லை (3.3) என்றால்தான் 65-க்கு இறங்கி, இன்னும் மகிழ்ச்சியை எட்டாதவர் பட்டியலில் வருவார். எல்லோருக்கும் முப்பத்து மூன்றும் வேண்டியதில்லை, நெசவு தெரியாதவரும் நிறைவாக வாழலாம் என்பது இந்த வரம்புக்குச் சொல்லப்படும் காரணம். ஒப்புக்கொள்கிறேன். ஆனால் கைவினையும் எழுத்தறிவும் ஒரே எடையில் நிற்பது எனக்கு உறுத்துகிறது.

இனி நாட்டின் எண். 2010-ல் 40.9 விழுக்காட்டினர் 66 புள்ளியைத் தொட்டிருந்தார்கள். மீதி 59.1 விழுக்காட்டினருக்கு, போதுமானவை என்று கருதப்பட்டவற்றில் சராசரியாக 56.6 விழுக்காடு கிடைத்திருந்தது. 40.9-ஐ அப்படியே எடுத்துக்கொண்டு, 59.1-ல் 56.6 விழுக்காட்டைச் சேர்த்தால் 74.3. குறியீடு 0.743. இது 2015-ல் 0.756, 2022-ல் 0.781 ஆனது. மகிழ்ச்சியை எட்டாத ஒருவருக்கு ஒரே ஒரு குறை தீர்ந்தாலும் எண் உயரும். ஏற்கனவே எட்டியவருக்கு எவ்வளவு அள்ளிக் கொடுத்தாலும் உயராது. அரசு யாரைக் கவனிக்க வேண்டும் என்பது வாய்பாட்டிலேயே எழுதப்பட்டிருக்கிறது.

எண்ணைப் பிரித்தும் பார்க்கலாம். 2010-ல் ஆண்களில் 49 விழுக்காட்டினர் மகிழ்ச்சியானவர்கள். பெண்களில் மூன்றில் ஒருவரே. பெண்கள் பின்தங்கியதற்குக் கல்வியும் மனநலனும் முக்கியக் காரணங்கள். நகரத்தவர் மொத்தத்தில் முன்னே இருந்தாலும், சமூக உறவிலும் பண்பாட்டிலும் கிராமத்தவர் முந்தினார்கள். மலைநாட்டு மக்கள் சிரித்துக்கொண்டே இருக்கிறார்கள் என்று சுற்றுலா விளம்பரங்கள் சொல்வதற்கும் இந்த ஆய்வுக்கும் தொடர்பில்லை. தன் மக்களில் பாதிக்கு மேற்பட்டோர் இன்னும் மகிழ்ச்சியை எட்டவில்லை என்று அரசே வெளியிட்ட கணக்கு இது.

அந்தப் பாதிக்குள்ளும் வராதவர்கள் உண்டு. தெற்கு பூட்டானில் நேபாளி பேசும் லோட்சம்பா மக்கள் தலைமுறைகளாக வாழ்ந்தார்கள். 1985-ன் குடியுரிமைச் சட்டத்தைத் தொடர்ந்து, 1988-ல் தெற்கில் நடந்த கணக்கெடுப்பில், 1958-லேயே நாட்டில் இருந்ததற்கு ஆவணம் கேட்கப்பட்டது. 1989-ல் வடக்கு மக்களின் உடையும் நடத்தை நெறிகளும் எல்லோருக்கும் கட்டாயமாக்கப்பட்டன. எதிர்ப்புப் போராட்டங்கள் எழுந்தன, ஒடுக்குமுறை வந்தது. தொண்ணூறுகளின் தொடக்கத்தில் சுமார் ஒரு லட்சம் பேர், அதாவது நாட்டு மக்களில் ஏறத்தாழ ஆறில் ஒரு பங்கு, கிழக்கு நேபாளத்தின் அகதி முகாம்களில் இருந்தார்கள். சட்டவிரோதக் குடியேறிகள் என்றும் தாமாகப் போனவர்கள் என்றும் பூட்டான் அரசு சொல்லிவந்தது. 2007-க்குப் பிறகு அவர்களில் பெரும்பாலோர் அமெரிக்கா உள்ளிட்ட நாடுகளில் குடியமர்த்தப்பட்டார்கள்.

அதே நடத்தை நெறி, திரிக்லம் நம்ஷா என்ற பெயரில், மகிழ்ச்சிக் குறியீட்டின் பண்பாட்டுத் துறையில் ஒரு காட்டியாக இருக்கிறது. அதன் பெயரால் வீடிழந்தவர்களின் வாசலுக்கு எந்தக் கணக்கெடுப்பாளரும் போகவில்லை. எண்ணப்படுவது நாட்டுக்குள் இருப்பவர்களை மட்டும்தானே. அண்மைக் காலத்தில் வேலை தேடி ஆஸ்திரேலியாவுக்குப் போய்க்கொண்டிருக்கும் பல்லாயிரம் இளைஞர்களும், போன மறுநாளே கணக்கிலிருந்து விடுபடுகிறார்கள். குறியீட்டின் நுணுக்கத்தை மதிக்கும் எவரும் இதையும் சேர்த்தே பேச வேண்டும். கருவி எவ்வளவு நேர்த்தியாக இருந்தாலும், அதற்கு முன்பே குடியுரிமை அலுவலகத்தில் ஒரு கணக்கு முடிந்துவிடுகிறது.

இன்னும் பிறக்காதவர்கள்

அளந்து வெளியிடுவதோடு நின்றால் பயன் கொஞ்சம்தான். அந்த எண்ணுக்கு ஒரு முடிவை மாற்றும் அதிகாரம் வேண்டும். 2015-ல் பிரிட்டனின் ஒரு பகுதியான வேல்ஸின் சட்டமன்றம் வருங்காலத் தலைமுறைகளின் நலன் சட்டத்தை நிறைவேற்றியது. அரசுத் துறைகள் எந்த முடிவை எடுத்தாலும், அது இனிப் பிறக்கப் போகிறவர்களை எப்படிப் பாதிக்கும் என்று பார்த்தாக வேண்டும். அதைக் கண்காணிக்க ஓர் ஆணையர் உண்டு. கணக்கெடுப்பில் பதில் சொல்ல வாயில்லாதவர்களுக்கு ஒரு பிரதிநிதி என்று சொல்லலாம்.

அந்தச் சட்டத்துக்கு வந்த பெரிய சோதனை ஒரு சாலை. நியூபோர்ட் நகரத்தைச் சுற்றி எம்4 நெடுஞ்சாலைக்கு ஒரு மாற்றுப்பாதை போடத் திட்டம். செலவு 100 கோடி பவுண்டுக்கும் மேல். போக்குவரத்து நெரிசல் நிஜமானது. வளர்ச்சிக்கு வேண்டும் என்று தொழில்துறை அழுத்தியது. பொது விசாரணை நடத்திய அதிகாரியும் பரிந்துரைத்தார். ஆனால் சாலை குவென்ட் லெவல்ஸ் என்ற பழமையான சதுப்புநிலத்தின் ஊடாகப் போகும். ஆணையர் எதிர்த்தார். 2019 ஜூனில் வேல்ஸின் முதலமைச்சர் மார்க் டிரேக்ஃபோர்டு திட்டத்தைக் கைவிட்டார். செலவு ஒரு காரணம். சுற்றுச்சூழல் இழப்புக்கு விசாரணை அதிகாரியைவிடத் தாம் அதிக எடை தந்ததாகவும் சொன்னார். நெரிசலில் தினமும் சிக்கியவர்களுக்கு அந்த முடிவு இனிக்கவில்லை, அவர்கள் கோபமும் நியாயமானது. ஆனாலும் உற்பத்திக் கணக்கு மட்டுமே மேசையில் இருந்திருந்தால், அந்தச் சாலை இந்நேரம் ஓடிக்கொண்டிருக்கும்.

உற்பத்திக் கணக்கின் விதிப்புத்தகமும் இப்போது அசைந்து கொடுக்கிறது. 2025 மார்ச்சில் ஐநா புள்ளியியல் ஆணையம் தேசியக் கணக்கு முறையின் புதிய பதிப்பை ஏற்றுக்கொண்டது. நலனையும் நீடித்திருக்கும் தன்மையையும் பற்றிய அத்தியாயம் இதில் புத்தகத்தின் தொடக்கத்திலேயே வருகிறது. ஊதியமில்லா வீட்டு வேலையைத் தனி அட்டவணைகளாகத் தொகுக்க வழி சொல்லப்பட்டிருக்கிறது. மிகப் பெரிய மாற்றம் இயற்கை வளம் பற்றியது. நிலக்கரியையும் எண்ணெயையும் தோண்டி விற்றால் இதுவரை முழுக்க வருமானம். இனி, பூமிக்குள் குறைந்துபோன இருப்பை உற்பத்திச் செலவாக எழுதிக் கழிக்க வேண்டும்.

ஆனால் அந்தக் கழிவு விழப்போவது, தேய்மானத்தைக் கழித்துச் சொல்லும் நிகர உள்நாட்டு உற்பத்தி என்ற எண்ணில்தான். மொத்த உள்நாட்டு உற்பத்தி பழையபடியே வரும். வரும் ஆண்டுகளில் நாடுகள் இந்தப் பதிப்புக்கு மாறும்போது இரண்டு எண்களும் அருகருகே வெளியாகும். சுரங்க வருமானத்தை நம்பியிருக்கும் நாடுகளில் இரண்டுக்கும் இடையே பெரிய இடைவெளி தெரியும். நிதியமைச்சர்கள் நாடாளுமன்றத்தில் எதை வாசிப்பார்கள், பத்திரிகைகள் எதைத் தலைப்பில் போடும் என்பதை எந்த விதிப்புத்தகமும் தீர்மானிக்கவில்லை.